கும்பத்தில் எட்டாவது ஆறு

ரொம்மன், ஒஸ்லோ
18 ஏப்ரல் 2004

மச்சான் குகநேசனுக்கு, சபாரத்தினம் சொல்ல மருமகள் அருள்ராணி எழுதுவது.

உம்முடைய சுகத்தை நான் விசாரிக்கத் தேவையில்லை. தங்கச்சி தங்கேஸ்வரி பேர்கனில் இருந்து தினமும் அருள்ராணியோடு தொலைபேசியில் கதைக்கிறாள். உமக்கு எந்தப் பக்கம் திரும்பிப் படுத்தால் இருமல் வருகிறது என்பது வரை எங்கள் வீட்டில் எல்லோருக்கும் தெரியும். நான் வாங்கி “மச்சான்” என்றால் மட்டும் அந்தத் தொலைபேசி செத்துப்போகிறது. எழுத்துத் தெரியாத மனிதன், கடிதம் போடமாட்டான் என்று நினைத்திருப்பீர். எனக்குத் தெரியாவிட்டால் என்ன, மருமகளுக்குத் தெரியும்.

உம்முடைய மகள் ஜெனிதாவின் கலியாணம் ஓகஸ்ட் இருபத்திரண்டு என்றும், இங்கே ஒஸ்லோவில் குரோருட்டில் மண்டபம் எடுத்தாயிற்று என்றும் கேள்விப்பட்டேன். சந்தோஷம். பெண்ணுக்குத் தாய்மாமன் நான். கலியாணத்தன்று காலை பாலும் அறுகம்புல்லும் தொட்டு அவள் தலையில் முதல் பாலறுகு வைக்க வேண்டியவன் நான். இதைப் பெண்ணின் தகப்பன் சொல்லித் தாய்மாமன் கேட்பதுதான் முறை. நான் மருமகள் சொல்லிக் கேட்டேன். போகட்டும்.

இப்போது ஒரு காரியம். எகிப்தில் இருந்து நான் கொண்டுவந்த ஐந்து லீற்றர்த் தண்ணீர்க் கான் எங்கள் குசினியில், தொட்டிக்குக் கீழே இருக்கிறது. அருள்ராணி அதை ஊற்றிவிடப் பார்க்கிறாள். (ஊற்றப் பார்க்கவில்லை. சாப்பாட்டுச் சாமானுக்குத் தூர வைக்கச் சொன்னேன். - அருள்ராணி)

கலியாணத்தில் ஐயர் கும்பம் வைத்து ஏழு ஆறுகளைப் பேர் சொல்லிக் கூப்பிடுவார். கங்கை, யமுனை, கோதாவரி, சரஸ்வதி, நர்மதை, சிந்து, காவேரி. கும்பத்துக்குள் இருப்பதோ ஒஸ்லோ நகரசபையின் குழாய்த்தண்ணீர். கூப்பிட்டால் ஏழும் அதற்குள் வந்துவிடும் என்று எல்லோரும் நம்பிக் கும்பிடுகிறோம். எட்டாவதாக நைலையும் கூப்பிட வேண்டும். கானில் உள்ளதைக் கும்பத்தில் விட வேண்டும். மற்ற ஏழும் கூப்பிட்டால் வருகிறவை. இது சொந்தக் காலில் வந்து என் குசினியில் நிற்கிறது.

ஏன் என்று கேட்க வேண்டாம். அந்த ஆற்றுக்கு நேர்த்திக்கடன் வைத்துவிட்டேன். அவ்வளவுதான்.

அஸ்வானில் நடந்ததை நான் ஒருவருக்கும் சொல்லவில்லை. (கோயிலில் நாலைந்து பேருக்குச் சொன்னார். - அருள்ராணி)

சபாரத்தினம்


பேர்கன்
27 ஏப்ரல் 2004

மதிப்புக்குரிய மச்சான் அவர்களுக்கு,

தங்கேஸ்வரி கண்ணாடியைத் தேடி எடுப்பதற்குள் உங்கள் கடிதத்தை நான் பிரித்துவிட்டேன். இனிமேல் அஸ்வான் என்ற சொல்லைக் கடிதத்தில் எழுத வேண்டாம். எங்களுக்குள் தேசப்படத்தை வைத்துத்தான் சண்டை வந்தது என்று அவள் நம்பிக்கொண்டிருக்கிறாள். இரத்த அழுத்தக்காரி. அப்படியே நம்பட்டும்.

உங்கள் கோரிக்கை பற்றி. முதலாவது, அந்த ஏழு ஆறுகள் நேற்று யாரோ சபை கூடித் தெரிவு செய்தவை அல்ல, இடம் காலியாக இருந்தால் இன்னொன்றைச் சேர்ப்பதற்கு. இரண்டாவது, நைல் பாரதத்தில் இல்லை, ஆபிரிக்காவில் இருக்கிறது. வெள்ளை நைல் பூமத்திய ரேகைக்குப் பக்கத்து ஏரிகளில் இருந்தும், நீல நைல் எதியோப்பிய மலைகளில் இருந்தும் புறப்பட்டு, சூடான் நாட்டில் கார்ட்டூம் என்ற இடத்தில் ஒன்றுசேர்ந்து, பாலைவனத்தை ஊடறுத்து வடக்கே போய் மத்தியதரைக் கடலில் விழுகிறது. ஆறாயிரத்து அறுநூறு கிலோமீற்றருக்கு மேல். இந்தப் பயணத்தில் அது ஓர் இடத்திலும் எங்கள் சமயத்தைச் சந்திக்கவில்லை. மூன்றாவது, ஜெனிதா வைத்தியசாலையின் ஆய்வுகூடத்தில் வேலை செய்கிற பிள்ளை. உல்லாசப் படகுகள் நிற்கும் துறையில் மொண்ட தண்ணீரைத் தன் கலியாணக் கும்பத்தில் விட அவள் சம்மதிப்பாளா? மூன்றாவது, கன்னியாதானம் கொடுக்கும்போது அந்தக் கும்பத்துத் தண்ணீரைத் தாரை வார்க்கப் போகிறவன் நான். என் கையால் அது நடவாது.

நேர்த்தி என்று எழுதியிருக்கிறீர்கள். உங்கள் உயிர் தப்பியதற்காக என்று ஊகிக்கிறேன். தப்பியது நல்லது. ஆனால் ஒன்றை எழுத்தில் வைக்க விரும்புகிறேன். படகில் எழுந்து நின்றது யார்? நான் கை நீட்டியது உண்மை. பட்டது உண்மையல்ல.

இப்படிக்கு,
கு. குகநேசன்
(ஓய்வுபெற்ற புவியியல் ஆசிரியர்)


ரொம்மன்
9 மே 2004

வாத்தியாருக்கு,

நீர் மூன்றாவதை இரண்டு தரம் எழுதியிருக்கிறீர் என்று அருள்ராணி சிரித்தாள். நான் சிரிக்கவில்லை.

நைல் எங்களுக்கு ஒன்றும் இல்லை என்று இப்போது எழுதுகிற நீர், அங்கே ஒரு கிழமை முழுவதும் என்ன சொன்னீர்? என் எழுபத்தைந்தாம் பிறந்தநாளுக்கு மகன் அந்தச் சுற்றுலாவை வாங்கித் தந்தபோது, எனக்கு வாசிக்கத் தெரியாது, வாசிக்கிற ஆள் ஒன்று கூட வேண்டும் என்றுதான் உமக்கும் சேர்த்து வாங்கினான். நீர் வாசித்தீர். நான் கேட்டேன். கேட்டது ஒன்றும் என்னை விட்டுப் போகவில்லை.

லுக்சோரில் இரண்டாம் நாள் காலை, முட்டை உரித்துக்கொண்டு சொன்னீர்: “மச்சான், இது மழையில்லாத தேசம். மேலை ஒரு முகில் இல்லை. ஆனா அந்தக் காலத்திலை வருசா வருசம் ஆடி ஆவணியிலை ஆறு தானாப் பெருகும். மழை பெய்யிறது எங்கையோ எதியோப்பியாவிலை. வெள்ளம் வயலை மூடிப்போட்டு, வத்தேக்கை கறுத்த வண்டலை விட்டிட்டுப் போகும். சனம் அதிலை விதைக்கும். இந்த ஆறு இல்லாட்டிப் பிரமிட்டும் இல்லை, ராசாவும் இல்லை, எழுத்தும் இல்லை, கணக்கும் இல்லை.” அதைச் சொல்லும்போது உமக்குக் கண் கலங்கிவிட்டது. மிளகாய் என்று சொன்னீர். முட்டையில் மிளகாய் இருக்கவில்லை.

அடுத்த நாள் பஸ்ஸுக்குள்: அந்தச் சனத்துக்கு வருஷத்தில் மூன்று பருவம்தான், வெள்ளம், விதைப்பு, அறுப்பு என்றீர். “அப்ப மாரி?” என்று கேட்டேன். “அதைப் பேர்கனுக்குக் குடுத்திட்டினம்” என்றீர். முன்னால் இருந்த நோர்வேக்காரர்களுக்கும் அதை மொழிபெயர்த்தீர். பிறகு ஆற்றின் நடுவில் இருந்த தீவில், தண்ணீருக்குள் இறங்குகிற கற்படிகளைக் காட்டி, தண்ணீர் எத்தனை படி ஏறியது என்று பார்த்துத்தான் அந்த வருஷத்து வரியைப் போட்டார்கள் என்றீர்.

இவ்வளவும் நீர் சொன்னது. ஒரு முழுத் தேசத்துக்குச் சோறு போட்ட தாய் என்று நீரே கண்கலங்கிவிட்டு, இப்போது அவள் சமயத்தைக் கேட்கிறீர்.

படகுக் கதைக்கு வருவோம். நான் எழுந்து நின்றேன்தான். நீர் காட்டியதைப் பார்க்க எழுந்தேன். “காத்து வடக்கையிருந்து அடிக்கும். ஆறு தெற்கையிருந்து ஓடும். போறதுக்குப் பாய், வாறதுக்கு நீரோட்டம். உலகத்திலை எந்தச் சனத்துக்கு இப்பிடி ஒரு ரோட்டுக் கிடைச்சது?” என்று ஒரு கையை வடக்கேயும் ஒரு கையைத் தெற்கேயும் வீசினீர். வடக்குக் கை என் நாடியில் பட்டது. நான் நைலுக்குள் போனேன். வடக்கு எது என்று எனக்கு இனி ஆயுளுக்கும் மறக்காது. அந்த வகையில் நீர் நல்ல வாத்தியார்.

முடிவாகச் சொல்கிறேன். கான் வந்தால் தாய்மாமன் வருவான். கான் வராவிட்டால் வேறு தாய்மாமனைத் தேடும்.

(மாமா கடைசி வரியில் இன்னும் ஒரு சொல் சொன்னார். எழுதவில்லை. - அருள்ராணி)


பேர்கன்
21 மே 2004

திரு. சபாரத்தினம் அவர்களுக்கு,

தேடச் சொன்னீர்கள். தேடியாயிற்று. தங்கேஸ்வரியின் பெரியம்மாவின் மகன் பிலேந்திரன் ஸ்டவாங்கரில் இருந்து வந்து முதல் பாலறுகு வைக்கச் சம்மதித்திருக்கிறார். அவரும் முறைக்குத் தாய்மாமன்தான். அவர் ஆறு எதையும் கூட்டிக்கொண்டு வரமாட்டார்.

இதை எழுத எனக்கு விருப்பமில்லை. தங்கேஸ்வரி இரண்டு நாட்களாக என்னோடு கதைக்கவில்லை. சோறு வைக்கிறாள், வைக்கிற சத்தத்தில் எல்லாம் இருக்கிறது. ஆனால் நான் இதைச் செய்யாமல் இருக்க முடியாத நிலைக்கு வந்துவிட்டேன். பிலேந்திரனை அழைத்தபோது அவர் கேட்ட முதல் கேள்வி: “அத்தான், நீங்கள் அந்த மனிசனை ஆத்துக்குள்ளை தள்ளி விட்டியளாமே?” ஒஸ்லோவில் கோயிலில் சொன்னது ஸ்டவாங்கர் வரை போயிருக்கிறது. நாற்பது வருஷம் பிள்ளைகளுக்குப் படிப்பித்தவன் நான். இன்று நோர்வேயின் மேற்குக் கரை முழுவதும் ஆளைத் தள்ளினவன்.

தள்ளினதைச் சொன்ன வாய், குதித்ததைச் சொன்னதா? நீங்கள் விழுந்த அடுத்த கணம் நான் குதித்தேனா இல்லையா? கண்ணாடியோடு, சப்பாத்தோடு, சட்டைப் பைக்குள் இரண்டு பேரின் கடவுச்சீட்டோடு. எனக்கு நீச்சல் தெரியாது. ஆறே இல்லாத ஊரில் பிறந்து, கரும்பலகையில் ஆறு கீறிப் படிப்பித்தவனுக்கு நீச்சல் எங்கே வரும்? இருந்தும் குதித்தேன். அதை ஒரு மனிதருக்கும் சொல்லவில்லை நீங்கள்.

இப்போது அந்தத் தண்ணீரை என் மகளின் கும்பத்தில் விட்டால், ஊர் என்ன விளங்கும்? தள்ளினவன் தண்டம் கட்டுகிறான் என்று விளங்கும். ஆகவே முடியாது.

குகநேசன்


ரொம்மன்
6 யூன் 2004

மச்சான்,

பிலேந்திரன் நல்ல பொடியன். கலியாண வீட்டில் சாப்பாட்டுக்கு மட்டும் எழும்புவான். மற்றபடி குறை சொல்ல ஒன்றும் இல்லை. அவனே வைக்கட்டும்.

நீர் குதித்ததை ஏன் சொல்லவில்லை என்று கேட்டீர். சொன்னால் மிச்சத்தையும் சொல்ல வேண்டும். நேர்த்தி முடியும் முன்னம் அதை வாய்விடக்கூடாது என்று இருந்தேன். என்னை நீர் விடவில்லை.

நான் தோட்டக்காரன். கிணறு இறைத்து, கலக்கி, தூர்வாரி வளர்ந்தவன். எனக்கு நீச்சல் தெரியும். விழுந்த வேகத்திலேயே மேலே வந்துவிட்டேன். பயம் ஒன்றும் இல்லை, உம்மில் கோபம் மட்டும்தான். படகுக்காரன் கையை நீட்டினான். பிடிக்கப் போகிறேன், பின்னால் “தொம்” என்று ஒரு சத்தம். திரும்பினால் நீர். “பயப்பிடாதையுங்கோ மச்சான், அணைக்கட்டுக்கு இஞ்சாலை முதலை இல்லை!” என்று எனக்குத் தைரியம் சொல்லிக்கொண்டே தாழ்ந்தீர். திரும்ப ஒருக்கால் மேலே வந்தீர். “அணை கட்டினாப் பிறகு…” என்று தொடங்கினீர். திரும்பவும் தாழ்ந்தீர்.

உம்முடைய சட்டையைப் பிடித்தேன். வழுக்கியது. திரும்பப் பிடித்தேன். கையில் ஒன்றும் இல்லை. தண்ணீருக்குள் உம்மைக் காணவும் இல்லை. அப்போது பிள்ளையாரைக் கூப்பிட எனக்குத் தோன்றவில்லை. அவர் எங்கேயோ தூரத்தில். பக்கத்தில் இருந்தவள் அவள்தான். “தாயே, இது என்ரை தங்கச்சியின்ரை மனிசன். வருத்தக்காரி அவள். இந்த ஆளை எனக்குத் தா. தந்தா இந்த ஆளின்ரை பிள்ளையின்ரை கலியாணத்துக்கு உன்னைக் கூட்டிக்கொண்டு போய்ப் பேர் சொல்லிக் கும்பத்திலை இருத்துறன்” என்றேன். தண்ணீருக்குள் கையை விட்டேன். உம்முடைய தலைமயிர் அகப்பட்டது. உமக்கு இருக்கிறது எவ்வளவு என்று உமக்கே தெரியும். அதிலே ஒரு கைபிடி என் கைக்குள் வந்தது என்றால் அது யாருடைய வேலை?

ஆகவே நேர்த்தி என் உயிருக்கு அல்ல. என் உயிருக்கு ஒன்றும் நடக்கவில்லை. படகில் ஏற்றின பிறகு உமக்கு ஒன்றும் நினைவில்லை. என்னை நீர்தான் காப்பாற்றினீர் என்று படகுக்காரனுக்குச் சொல்லிக்கொண்டிருந்தீர். நல்லது, அப்படியே இருக்கட்டும் என்று விட்டேன். ஆனால் நீர் தள்ளினதைச் சொல்லாமல் இருக்க என்னால் முடியவில்லை. நாடி இரண்டு கிழமை வலித்தது.

ஓகஸ்ட் இருபத்திரண்டு காலை நான் மண்டபத்து வாசலில் கானோடு நிற்பேன். உள்ளே வரச் சொல்வதும் விடுவதும் உம்முடைய விருப்பம். நான் அவளைக் கூட்டிக்கொண்டு வருவேன் என்றுதான் சொன்னேன். கதவு திறப்பது என் பொறுப்பு அல்ல.

சபாரத்தினம்

(இந்தக் கடிதம் மாமியின் கையில் படக்கூடாது என்று மாமா சொன்னார். மாமி புதுக் கண்ணாடி எடுத்துவிட்டா, அவதான் முதலில் பிரிப்பா என்று சொன்னேன். “முத்திரையை ஒட்டு” என்றார். - அருள்ராணி)


பேர்கன்
30 யூன் 2004

அன்புள்ள மச்சான்,

தங்கேஸ்வரிதான் பிரித்தாள்.

வாசித்து முடித்துவிட்டு என்னைக் கூப்பிட்டாள். போனேன். குனியச் சொன்னாள். குனிந்தேன். என் தலைமயிரைப் பிடித்துப் பார்த்துவிட்டு, “இதுக்குள்ளை என்னத்தையப்பா பிடிச்சவர்?” என்று கேட்டு அழத் தொடங்கினாள். பிறகு எனக்குப் பேச்சு. பிறகு உங்களுக்குப் பேச்சு. அதை அருள்ராணி மூலம் பெற்றிருப்பீர்கள். தேசப்படத்தை வைத்துச் சண்டை என்று சொன்ன பொய்க்குத் தனியாக இன்னும் ஒரு நாள்.

நான் உங்களைக் காப்பாற்றியதாகத்தான் இத்தனை நாளும் நினைத்திருந்தேன்.

ஐயருக்குத் தொலைபேசி எடுத்தேன். எட்டாவதாக ஓர் ஆற்றைச் சேர்க்கலாமா, சாஸ்திரம் இடம் கொடுக்குமா என்று கேட்டேன். “எங்கத்தை ஆறு?” என்றார். எகிப்து என்றேன். பிறகு சொன்னார்: “மாஸ்டர், பதினைஞ்சு வருசமா இந்த ஊர்க் குழாய்த்தண்ணியைக் கங்கையாக்கிறது நான். அது லேசான வேலையெண்டு நினைக்கிறியளே? உண்மையான ஆறு ஒண்டு தானா வந்து நிண்டா எனக்கு வேலை மிச்சம். ஆனா அவிச்சுக் கொண்டாங்கோ. சபையிலை தெளிக்கிறது.” ஜெனிதாவும் அதையே சொல்கிறாள்: வடித்து, கொதிக்க வைத்து. அந்தக் கான் அருள்ராணியின் பொறுப்பு.

பிலேந்திரனுக்கு முதல் பாலறுகு இல்லை என்று சொன்னேன். சாப்பாடு உண்டுதானே என்று கேட்டார்.

ஓகஸ்ட் இருபத்திரண்டாம் திகதி, குரோருட்டில், எங்கள் மகள் ஜெனிதாவுக்கும் பிரசாந்துக்கும் நடக்க இருக்கும் கலியாணத்துக்குத் தாய்மாமனாக நீங்கள் வர வேண்டும். உங்களோடு வருகிறவரையும் அழைத்து வாருங்கள். கதவை நான் திறப்பேன்.

குகநேசன்


ரொம்மன்
29 ஓகஸ்ட் 2004

மச்சான்,

பிள்ளைகள் சுகமாகப் பேர்கன் வந்து சேர்ந்தது அறிந்து சந்தோஷம். கலியாணம் நன்றாக நடந்தது. குறை இரண்டு.

முதற்குறை நீர். ஐயர் ஏழு ஆறுகளையும் கூப்பிட்டு முடித்து, “நைல்” என்று வாயைத் திறக்க நீர் மணவறையில் இருந்து எழும்பினீர். “ஐயா, ஒரு நிமிசம். நைல் எண்டு ஒண்டாக் கூப்பிட ஏலாது. வெள்ளை நைல் வேறை, நீல நைல் வேறை. வெள்ளத்துக்கு மெயினா வாறது நீல நைல்தான். அதை விட்டிட்டுக் கூப்பிட்டா…” மாப்பிள்ளையின் தாய் என் பக்கம் திரும்பி, “பொம்பிளையின்ரை தகப்பன் என்ன, கலியாணத்தை நிப்பாட்டுறாரோ?” என்று கேட்டா. முகூர்த்தம் போகுது, போகுது என்று தங்கேஸ்வரி கையைப் பிசைகிறாள். ஐயர் நல்ல மனிதர். “மாஸ்டர், ரண்டு பேரும் கார்ட்டூமிலை சேர்ந்து நிக்கினமாம். அங்கையிருந்து ஒண்டாக் கூப்பிடுறன், இருங்கோ” என்று உம்மை இருத்தினார். இரண்டு மாதம் மாட்டேன் என்று நின்ற மனிதர், சம்மதித்தவுடன் மணவறையில் பாடம் எடுக்கிறார்.

ஆனால் தாரை வார்க்கும்போது நான் பார்த்துக்கொண்டு நின்றேன். உம்முடைய கையில் இருந்து ஒரு சொட்டும் வெளியே போகவில்லை. அந்த நிமிஷத்தோடு என் நேர்த்தி முடிந்தது.

இரண்டாம் குறை அடுத்த நாள் நடந்தது. கும்பத்துத் தண்ணீரைக் கால்படாத இடத்தில் விட வேண்டும் என்று ஐயர் சொன்னதால் நீரும் நானும் குரோருட்டில் ஆல்னா ஆற்றுக்குப் போனோமே. அவள் கலியாணத்துக்கு வந்தவள். வெறுங்கையோடு அனுப்ப முடியாது. அதனால்தான் பயத்தம் பணியாரமும் முறுக்கும் ஒரு வாழைப்பழமும் கொண்டுபோனேன். நான் அதை ஆற்றில் விட, நாயோடு வந்த அந்த நோர்வேக்காரி சத்தம் போடத் தொடங்கினாள். குப்பை போடுகிறேன் என்று ஏசுகிறாள் என்பது மொழி தெரியாத எனக்கும் விளங்கியது. நீர் போய் அவளுக்கு ஏதோ சொன்னீர். அவள் ஏசுவதை விட்டாள். ஏதோ கேட்டாள். நீர் ஏதோ சொன்னீர். பிறகு அவள் ஆற்றைப் பார்த்துக் கையசைத்துவிட்டு நாயை இழுத்துக்கொண்டு போனாள். நான் கேட்க, “ஒண்டுமில்லை, வாங்கோ” என்று விட்டு ரி-பானே ரயிலுக்கு நடந்தீர். வழி முழுவதும் நீர் கதைக்கவில்லை. நீர் கதைக்காமல் நடந்ததை நான் கண்டதே இல்லை.

ஒரு கிழமையாக எனக்கு அது மண்டைக்குள் இருக்கிறது. என்னவென்று எழுதும்.

சபாரத்தினம்

(எனக்கும் தெரிய வேண்டும். - அருள்ராணி)


பேர்கன்
3 செப்ரெம்பர் 2004

அன்புள்ள மச்சான்,

பெரிதாக ஒன்றும் இல்லை. எங்கள் கலியாணத்துக்கு எகிப்தில் இருந்து ஓர் ஆறு வந்திருந்தது, இப்போது அதை வழியனுப்புகிறோம், இது வழிச்சாப்பாடு என்று சொன்னேன். இங்கிருந்து அது எப்படிப் போகும் என்று கேட்டாள். குடாக்கடலுக்குள் இறங்கி, வடகடலைப் பிடித்து, ஜிப்ரால்டரில் இடதுபக்கம் திரும்பினால் மத்தியதரைக் கடல், பிறகு வீடு, அதற்கு வழி தெரியும் என்றேன்.

பிறகு அவள் இன்னொன்றும் கேட்டாள். வந்தவர் பெண் பகுதியா, மாப்பிள்ளை பகுதியா என்று.

என்னுடைய பகுதி என்று சொன்னேன்.

குகநேசன்